முன்னோட்டமும் முழுவாசிப்பும்: இணைய நூலகப் பயன்பாடு குறித்து ஒரு நோக்கு

இணைய நூலகங்களில் ஓர் ஆவணத்தை முழுமையாகத் திறவாமலும் தரவிறக்காமலும், அதன் முதற் பக்கங்களையோ, பொருளடக்கத்தையோ, தேடிய சொல் வருகின்ற சில வரிகளையோ திரையிற் கண்டு, அது தமக்கு வேண்டியதா அன்றா எனத் தீர்மானிக்கும் வழக்கம் இன்று நம்மிடையே பொதுவாகிவிட்டது. முன்னோட்டம் என வழங்கப்பெறும் இவ்வசதியை நேரத்தை மீதப்படுத்தும் ஓர் உபாயமாக மட்டும் கொண்டு, இது கணினித்துறையாரின் விடயம் என ஒதுக்கிவிடுவது எளிது. ஆயின், அண்மைக் காலங்களில் தமிழ்த்துறை சார்ந்து எழுதப்பெறும் ஆய்வேடுகள் சிலவற்றைப் பரிசீலிக்கும் வாய்ப்புப் பெற்றவன் என்ற வகையில், இவ்வழக்கம் நூல் தெரிவு என்ற எல்லையைக் கடந்து சான்று காட்டல் என்ற எல்லைக்குள் நுழைந்துவிட்டதை நான் அவதானித்துள்ளேன். ஒரு நூல் தேவையா என அறிவதற்கு உதவுவது ஒன்று. அந்நூல் யாது கூறுகின்றது என நிறுவுவதற்கு உதவுவது பிறிதொன்று. இவ்விரண்டிற்கும் இடையிலான வேறுபாடு மங்கி வருவதே இக்கட்டுரைக்குக் காரணமாகும்.

முதலில் ஒரு தப்பெண்ணத்தை அகற்றிவிட வேண்டும். முன்னோட்டத்தைச் சோம்பலின் வெளிப்பாடு எனப் பழிப்போர் பெரும்பாலும் வீட்டில் நூற்சேகரம் உடையோராகவே இருப்பர். எழுபதுகளிலும் எண்பதுகளின் தொடக்கத்திலும் ஒரு சஞ்சிகையின் ஓர் இதழைப் பார்ப்பதற்கு மட்டக்களப்பிலிருந்து இரவு அஞ்சல் வண்டியில் கொழும்புக்குச் சென்று, நூதனசாலை நூலகத்தில் வேண்டுகைச் சீட்டு எழுதிக் கொடுத்துக் காத்திருந்து, கட்டு வந்ததும் அது தேடிய இதழன்று எனக் கண்டு திரும்பியோர் உளர். 1981 ஆம் ஆண்டு யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்கள் அழிந்தன என்பது யாவரும் அறிந்ததே. அத்தகையதோர் இழப்பிற்கும் நீண்ட போர்க்கால இடப்பெயர்வுகளுக்கும் பின்னர், 2005 இல் தொடங்கப்பெற்ற நூலகம் என்னும் எண்ணிம நூலகம் போன்ற முயற்சிகள் நமக்கு வாய்த்தமையை வெறும் வசதிப் பெருக்கமாகக் கொள்ளுதல் பொருந்தாது. இன்று தோட்டப் புறத்து லயமொன்றிலிருந்து கைத்தொலைபேசி வழியாக ஆய்வு செய்யும் மாணவிக்கு, ஐம்பது அறுபது மெகாபைட் அளவுள்ள பி.டி.எவ். கோப்பு ஒன்றைத் தேவையின்றி இறக்குவது என்பது அவ்வாரத்து டேட்டாவை இழப்பதாகும். முன்னோட்டம் அவளுக்குச் சிக்கனம். நேரத்தை மீதப்படுத்தல் என்று நாம் கூறும்போது யாருடைய நேரம், எவருடைய பணம் என்ற வினாக்களையும் உடன் எழுப்புதல் வேண்டும்.

நூலுள் நுழையுமுன் நூலைப் பற்றி அறிய விரும்புதல் தமிழுக்குப் புதியதுமன்று. சிறப்புப் பாயிரம் எட்டுச் செய்திகளைத் தரல் வேண்டும் என வகுத்த பவணந்தி முனிவர், ஆக்கியோன் பெயர், நூல் வந்த வழி, வழங்கும் எல்லை, நூற்பெயர், யாப்பு, நுதலிய பொருள், கேட்போர், பயன் என்பவற்றை எண்ணிச் சென்றார். இன்றைய நூலகப் பட்டியற் பதிவொன்றின் களங்களை இவற்றுடன் ஒப்பிடுவோர் வியப்படைவர். கேட்போர், பயன் என்னும் இரண்டையும் நம் பட்டியல்கள் பெரும்பாலும் கைவிட்டுவிட்டன என்பதையும் காண்பர். ஆயின் ஈண்டு விதந்து கூறவேண்டியது வேறொன்று. சிறப்புப் பாயிரத்தை யார் செய்தல் வேண்டும் என்பதையும் நன்னூல் வரையறுத்தது. ஆசிரியன், உடன்கற்றோன், மாணாக்கன், உரைகாரன் ஆகியோரே அதற்குரியோர். அதாவது, நூலை முழுமையாக அறிந்த ஒருவர், அதனை இன்னும் அறியாத ஒருவருக்குத் தம் பொறுப்பிற் கூறும் கூற்றே பாயிரமாகும். திரையில் நாம் காணும் முன்னோட்டத்திற்கோ அத்தகைய பொறுப்பாளர் எவருமிலர். பொறி நூலை அறியாது; முதலிலுள்ள பக்கங்களை அது முதலிற் காட்டுகின்றது, அவ்வளவே.

மனிதர் செய்த முன்னோட்டங்கள் யாவும் குற்றமற்றவை என்பதன்று இதன் பொருள். ஜோன் மேர்டொக் 1865 இல் சென்னையில் வெளியிட்ட தமிழ் அச்சுநூற் பட்டியல், நூல்களை வகைப்படுத்திச் சுருக்கக் குறிப்புகளும் தந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் அச்சுப் பண்பாட்டை ஆராய்வோருக்கு அது இன்றியமையாதது. எனினும் அது மிசனரிமாரின் தேவை கருதி, அவர்தம் கண்ணோட்டத்திலிருந்து செய்யப்பட்டது. அக்குறிப்புகளைக் கொண்டு தமிழ் நூல்களை மதிப்பிடுபவர் உண்மையில் மேர்டொக்கையே வாசிக்கின்றார். ஆயினும் மேர்டொக்கின் சார்பை நாம் இனங்கண்டு கழித்துக்கொள்ள முடிகின்றது. பெயரும் காலமும் நோக்கமும் உடைய ஒருவர் அவர். பொறியின் தெரிவில் சார்பு இல்லை என நம்புவோருக்கு அக்கழித்தலைச் செய்யும் தேவையே தோன்றுவதில்லை.

இலங்கைத் தமிழ் நூல்களைப் பொறுத்தவரை முதற் பக்கங்கள் எவ்வளவு ஏமாற்றக்கூடியவை என்பதைச் சிறிது விரித்துரைத்தல் பயன்தரும். நம் நூல்கள் எவ்வாறு தொடங்குகின்றன? காணிக்கை, ஆசியுரை, வாழ்த்துரை, அணிந்துரை, வெளியீட்டுரை, பின்னரே என்னுரை. பதினைந்து இருபது பக்கங்கள் இவ்வாறு கழிந்த பின்னரே நூல் தொடங்கும். எனவே முதற் பத்துப் பக்கங்களைக் காட்டும் முன்னோட்டம் ஒன்று, ஆசிரியரைப் பிறர் புகழ்ந்தவற்றை மட்டுமே நமக்குக் காட்டும். இதனினும் சிறந்த எடுத்துக்காட்டு, யாழ்ப்பாணத்தில் ஒருவர் இறந்து முப்பத்தோராம் நாளில் வழங்கப்பெறும் கல்வெட்டு எனப்படும் நினைவு மலராகும். அதன் முதற் பக்கத்தில் அமரரின் புகைப்படம் இருக்கும். தொடர்ந்து திதி வெண்பாவும் தேவார திருவாசகங்களும் வரும். முன்னோட்டத்திற் கண்ட ஆய்வாளர், இது பாராயணத் தொகுப்பு என எண்ணி மூடிவிடுவார். ஆனால் அதன் பிற்பகுதியிலேதான் குடும்ப வம்சாவளியும், எந்த ஊரில் எவ்வூரார் கொண்டும் கொடுத்தும் உறவாடினர் என்ற செய்தியும், மலாயாவில் ரயில்வே உத்தியோகம் பார்த்த பாட்டனாரின் வரலாறும், கிராமத்து வாசிகசாலை தோன்றிய கதையும் கிடக்கும். சாதி, சீதனம், உத்தியோகப் பெயர்வு ஆகியன பற்றிய சமூகவியல் ஆய்வுக்கு இவற்றை விடச் சிறந்த மூலங்கள் பல இல்லை. கும்பாபிஷேக மலர்கள், பாடசாலை நூற்றாண்டு மலர்கள் ஆகியவற்றின் இறுதியில் வரும் விளம்பரங்களும் அவ்வாறே. ஒரு பட்டினத்தின் வணிக வரலாறு அங்கே அகரவரிசையின்றிச் சிதறிக் கிடக்கின்றது. மேனாட்டு நூல் மரபில், முன்னுரையிலேயே முடிபைக் கூறிவிடும் வழக்கத்தை மனங்கொண்டு அமைக்கப்பெற்ற ஒரு வசதி, பிற்பகுதியில் பெறுமதியை ஒளித்து வைத்திருக்கும் நம் வெளியீடுகளுக்குப் பொருந்தாமற் போவதில் வியப்பில்லை.

முதற் பக்கங்களைக் காட்டும் முன்னோட்டத்தைவிட, தேடிய சொல்லைச் சூழ்ந்த சில வரிகளை மட்டும் காட்டும் துணுக்கு முன்னோட்டமே ஆய்வுலகில் இன்று கூடுதலாகச் சான்றாக்கப்படுகின்றது. இதன் தோற்றத்தை நோக்குதல் வேண்டும். கூகிள் நிறுவனம் 2004 இல் தொடங்கிய நூலகத் திட்டத்திற்கு எதிராக, 2005 இல் அமெரிக்க எழுத்தாளர் சங்கம் வழக்குத் தொடுத்தது. 2015 ஒக்ரோபரில் அந்நாட்டு மேன்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று நிறுவனத்திற்குச் சார்பாகத் தீர்ப்பளித்தது. 2016 இல் உச்ச நீதிமன்றம் அதனை மீளாய்வு செய்ய மறுத்தது. அத்தீர்ப்பிற் கூறப்பட்ட தொழில்நுட்ப விபரங்கள் நம் கவனத்திற்குரியன. துணுக்கு என்பது பொதுவாகப் பக்கமொன்றின் எட்டிலொரு பங்கு. ஒரு சொல்லைத் தேடினால் ஒரு நூலிலிருந்து மூன்று துணுக்குகளே காட்டப்படும். ஒவ்வொரு பக்கத்திலும் ஒரு துணுக்கும், ஒவ்வொரு பத்துப் பக்கத்திலும் ஒரு முழுப் பக்கமும் எத்தனை முறை தேடினும் காணவொண்ணாதவாறு நிரந்தரமாக மறைக்கப்பட்டிருக்கும். அகராதி, சமையல் நூல், சிறு கவிதைத் தொகுதி போன்றவற்றிற்குத் துணுக்கே காட்டப்படுவதில்லை. ஏனெனில் அவற்றில் ஒரு துணுக்கே வாசகரின் தேவையைப் பூர்த்தி செய்துவிடக்கூடும்.

இதன் உட்பொருள் தெளிவானது. துணுக்கு நூலுக்குப் பதிலீடாக அமையாது என்பதே அது சட்டபூர்வமானது எனக் கொள்ளப்பட்டமைக்கு ஒரு முக்கிய காரணமாகும். வாசகருக்குப் போதாமல் இருக்கும்படி, சொத்துரிமையைக் காக்கும் பொருட்டு, திட்டமிட்டு அளவிடப்பட்ட ஒரு துண்டு அது. அதனைக் காட்டிய நிறுவனமே இது வாசிப்பன்று என நீதிமன்றத்தில் வாதிட்டது. நாமோ அதனை வாசித்ததாகக் கருதி அடிக்குறிப்பு எழுதுகின்றோம்! அறிவின் எல்லை எங்கே வெட்டப்படவேண்டும் என்பதைப் பொருளின் தருக்கம் தீர்மானிக்கவில்லை, உடைமையுறவு தீர்மானித்துள்ளது என்பதை முற்போக்கு வாசகர்க்கு நான் விளக்கவேண்டியதில்லை.

இனி, தமிழுக்கே உரிய இடர்ப்பாடு ஒன்றைக் கூறவேண்டும். என் கருத்தில் இதுவே இவ்விடயத்தின் மையமாகும். ஆயினும் இதனைப் பற்றி நம்மவர் அதிகம் சிந்தித்ததாகத் தெரியவில்லை. ஆங்கிலத்தில் ஒரு கூற்றை மறுப்பவர் பெரும்பாலும் மறுப்புச் சொல்லையும், அதனைக் கூறியவர் யார் என்பதையும் வாக்கியத்தின் தொடக்கத்திலேயே வைத்துவிடுகின்றார். தமிழிலோ வினைமுற்று இறுதியில் நிற்கும். உடன்பாடா எதிர்மறையா, தன் கூற்றா பிறர் கூற்றா என்பதைத் தீர்மானிக்கும் ‘என்பர்’, ‘எனல் பொருந்தாது’, ‘என்பாரும் உளர்’ முதலியன யாவும் ஈற்றிலே வருவன. உரையாசிரியர் வழிவந்த நம் திறனாய்வு உரைநடையிலோ ஒரு வாக்கியம் எட்டு, பத்து வரிகள் ஓடுதல் அரிதன்று. இத்தகைய ஒரு வாக்கியத்தை எண்ணிப் பார்க்கலாம்: பேச்சு வழக்கைப் படைப்பிலக்கியத்திற் புகுத்துவது மொழியின் செம்மையைக் கெடுத்து, பிற பிரதேசத்தார் நம் எழுத்தைப் படிக்கவொண்ணாத நிலைக்கு இட்டுச் செல்லும் என்று அஞ்சுவோர், அம்மொழி யாருடையது என்ற வினாவைத் தவிர்த்துவிடுகின்றனர். இவ்வாக்கியத்தைப் பாதியில் வெட்டினால், எதிர்க்கப்படும் கருத்தே எழுதியவர் கருத்தாகத் தோன்றும். நடுவில் விழும் கத்தி ஆங்கில வாக்கியத்தின் விபரத்தை இழக்கச் செய்யலாம். தமிழ் வாக்கியத்தில் நிலைப்பாட்டையே தலைகீழாக்கிவிடும்.

இது கற்பனை அச்சமன்று. சில ஆண்டுகளுக்கு முன் என்னிடம் பரிசீலனைக்கு வந்த ஓர் ஆய்வேடு, அறுபதுகளின் முற்பகுதியில் இலங்கையில் நிகழ்ந்த மரபு பற்றிய விவாதத்தைப் பொருளாகக் கொண்டிருந்தது. பேச்சுமொழியைக் கையாண்ட எழுத்தாளரின் ஆக்கங்களைப் பண்டிதர் சிலர் இழிசனர் வழக்கு எனப் பழித்தமையும், முற்போக்கு அணியினர் அதற்கு விடையிறுத்தமையும் நம் இலக்கிய வரலாற்றில் முக்கியமான கட்டமாகும். அவ்வணியைச் சேர்ந்த விமரிசகர் ஒருவர், ஐந்தாண்டு கழித்துத் தம் நிலைப்பாட்டை மாற்றிப் பண்டிதர் பக்கம் சாய்ந்துவிட்டார் என மாணவர் எழுதி, அதற்கு ஒரு வரியை மேற்கோளாகத் தந்திருந்தார். அதன் மேல் அத்தியாயம் ஒன்றே கட்டப்பட்டிருந்தது. அணி உடைந்தமைக்கு வர்க்க அடிப்படையிலான விளக்கமும் தரப்பட்டிருந்தது. விளக்கம் திறமையானதுதான். ஆயின் அந்த வரி, விமரிசகர் மறுப்பதற்காக எடுத்துரைத்த பிறர் கருத்து. மறுப்பு அடுத்த பக்கத்தில் இருந்தது. வினவியபோது, அந்நூலைத் தாம் முன்னோட்டத்திலேயே பார்த்ததாகவும், வேண்டிய வரி கிடைத்துவிட்டபடியால் மேலே செல்லவில்லை எனவும் மாணவர் ஒளிக்காமற் கூறினார். சமர்ப்பிப்புத் திகதி நெருங்கிக்கொண்டிருந்தது. பகலில் அவர் தொண்டர் ஆசிரியர். படிப்பதற்கு இரவு மட்டுமே இருந்தது. குற்றம் அவருடையது மட்டும்தானா என்பதை நாம் சிந்திக்க வேண்டும். குறித்த காலத்துள் குறித்த எண்ணிக்கையான உசாத்துணைகளைக் காட்டும்படி விதித்தவர்கள் நாமல்லவா?

பிறர் கோளை முதலில் நிரைத்துக் கூறிப் பின் மறுத்தல் நம் தருக்க மரபின் அடிப்படையாகும். அருணந்தி சிவாசாரியார் செய்த சிவஞானசித்தியார் பரபக்கம், சுபக்கம் என இரு பகுதிகளாயமைந்தது. பரபக்கத்தில் முதலில் வருவது உலகாயதன் மதம். அதன் தொடக்கப் பக்கங்களை மட்டும் முன்னோட்டத்தில் நோக்கும் ஒருவர், பதின்மூன்றாம் நூற்றாண்டுத் தமிழகத்திற் பொருள்முதல்வாதி ஒருவரைக் கண்டுபிடித்துவிட்டதாக அறிவிக்கலாம். நம் அணியினரில் சிலர் அதனை மகிழ்ந்து வரவேற்கவும் கூடும்.

பிறர் பிழையைக் கூறிய நான் என் பிழையையும் கூறக் கடமைப்பட்டுள்ளேன். சிறுசஞ்சிகை ஒன்றைப் பற்றிய கட்டுரையொன்றில், அது பத்தாண்டுக் காலம் மலையகத் தொழிலாளர் பிரச்சினையைக் கண்டுகொள்ளவில்லை என எழுதினேன். இணையத் தொகுப்பொன்றில் இதழ்தோறும் தட்டச்சிட்டுத் தரப்பட்டிருந்த உள்ளடக்கப் பட்டியல்களை நிரல்படப் பார்த்து அம்முடிபுக்கு வந்தேன். சொல்லைத் தட்டித் தேடியும் பார்த்தேன், ஒன்றும் வரவில்லை. பின்னர் முதிய வாசகர் ஒருவர் எழுதிய கடிதத்தால் உண்மை தெரிந்தது. அச்சஞ்சிகை அவ்விடயத்தைத் தலையங்கங்களிலும், கேள்வி பதில் பகுதியிலும், பக்க அடியில் இடம் நிரப்பும் குறிப்புகளிலும் தொடர்ந்து பேசியிருந்தது. தலைப்பில்லாத எழுத்து உள்ளடக்கப் பட்டியலில் இடம்பெறாது. தேடலிலும் அது அகப்படவில்லை. எழுத்துச் சீர்திருத்தத்திற்கு முந்திய பழைய வரிவடிவங்களிலும் தேய்ந்த ஈய அச்சிலும் எழுத்துணரிகள் இடறுகின்றன. இல்லை என நிறுவுவதற்கு முன்னோட்டம் ஒருபோதும் சான்றாகாது என்பதை அன்று கற்றேன். பட்டியலைத் தட்டச்சிட்டவர்கள் ஊதியமின்றி இரவிரவாக உழைத்த இளைஞர்கள்; அவர்கள் மீது பழி போடுவது நன்றிகேடாகும். தவறு முழுதும் என்னுடையதே.

முழு வாசிப்பு எதனைத் தரும் என்பதற்கு நம் பதிப்பு வரலாற்றில் ஒரு சான்று உண்டு. சி. வை. தாமோதரம்பிள்ளை 1885 இல் தொல்காப்பியப் பொருளதிகாரத்தை நச்சினார்க்கினியர் உரையுடன் பதிப்பித்தபோது, இறுதியியல்களின் உரையும் அவருடையதாகவே அச்சிடப்பட்டது. அது பேராசிரியர் உரை என்பதை இரா. இராகவையங்கார் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திற் செந்தமிழ் இதழ் வாயிலாக எடுத்துக்காட்டினார். தாமோதரம்பிள்ளையின் அரும்பணியை இது எவ்வகையிலும் குறைப்பதன்று. நூலின் தலைப்பில் ஒரு பெயர் பொறிக்கப்பட்டிருக்கையில், உள்ளே புகுந்து உரையோடு உரையை ஒப்பிட்டவருக்கே அத்தலைப்பு ஐயத்திற்குரியதாயிற்று.

செய்யத்தக்கன சில உள. முன்னோட்டத்தை விலக்குவது இயலாது, விலக்கவும் வேண்டியதில்லை. ஆயின் ஆய்வேடுகளில், முழுமையாக வாசித்த நூல், பகுதியாகக் கண்ட நூல், துணுக்காக மட்டும் கண்ட நூல் என உசாத்துணைப் பட்டியலைப் பிரித்துக் காட்டும்படி துறைகள் விதிக்கலாம். பகுதியாகக் கண்டமை இழிவன்று, மறைப்பதே இழிவு. மேற்கோளின் முன்பக்கத்தையும் பின்பக்கத்தையும் பார்க்காமல் எதனையும் எடுத்தாளுவதில்லை என்ற குறைந்தபட்ச ஒழுங்கை மேற்பார்வையாளர் முதலில் தமக்கும் பின்னர் மாணவருக்கும் விதித்துக்கொள்ளலாம். இணைய நூலகங்களை நடத்துவோரிடமும் ஒரு வேண்டுகோள்: முதற் பக்கங்களோடு இறுதிப் பக்கங்களையும் முன்னோட்டத்திற் காட்டுங்கள், பெரிய கோப்புகளை இயல் இயலாகப் பிரித்து இறக்க இடந்தாருங்கள். நம் வெளியீடுகளின் இயல்பை அறிந்த ஒருவர் எழுதும் ஐந்து வரி அறிமுகம், பொறி காட்டும் ஐந்து பக்கப் படங்களிலும் பயனுள்ளது. பாயிரம் செய்வோரை நாம் மீண்டும் உருவாக்கிக்கொள்ள முடியும். ஒவ்வொரு சிறப்புக்கலை மாணவரும் ஆண்டுக்குப் பத்து நூல்களுக்கு அத்தகைய குறிப்பு எழுதுவதை ஏன் பயிற்சியாகக் கொள்ளலாகாது?

முற்கூறிய மாணவர் அந்நூலை முழுமையாக வாசித்தார். மூன்று இரவுகள் சென்றன. விமரிசகர் கட்சி மாறவில்லை எனத் தெளிந்து அத்தியாயத்தை நீக்கும் நிலைக்கு வந்தார். ஆயின் மின்வருடப்பட்ட கோப்பில் இரண்டு பக்கங்கள் விடுபட்டிருந்தமையை அப்போதுதான் கண்டார். வடமராட்சியில் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவரின் வீட்டில் அச்சுப்படி இருந்தது. அவ்விரு பக்கங்களில், பேச்சு வழக்கை எந்த அளவிற்குக் கையாளலாம் என்பது பற்றி விமரிசகர் பண்டிதர்க்கு ஒரு சிறிய, ஆனால் மெய்யான விட்டுக்கொடுப்பைச் செய்திருந்தார். மாணவர் முதலில் எழுதியதும் பிழை, நான் திருத்தியதும் முற்றிலும் சரியன்று என்றாயிற்று. அத்தியாயம் மூன்றாம் முறை எழுதப்பட்டது. சமர்ப்பிப்பு ஐந்து மாதம் பிந்தியது.